பிள்ளைகளை நம்பிய படைத் தளபதி



சில மாதங்களுக்கு முன்பு பொகவந்தலாவைப் பக்கம் ஒரு டிவிசனுக்குப் போயிருந்தோம். அந்திக் கொழுந்து நிறுத்து முடிந்து பெண்கள் லயத்துக்குத் திரும்பும் நேரம். பிள்ளை மடுவத்துக்கு முன்னால் நாலைந்து தாய்மார் நின்று பேசிக்கொண்டிருந்தார்கள். அதில் ஒரு தாய் எங்களைக் கண்டதும் ஒரு கடிதத்தை நீட்டினார். பாடசாலையில் சாரணர் குழு தொடங்கப் போகிறார்களாம். விருப்பமுள்ள பிள்ளைகளின் பெற்றோர் கையெழுத்துப் போட்டு அனுப்ப வேண்டுமாம்.

"ஐயா, இது என்னாங்க? காக்கிச் சட்டை, தொப்பி, கையில கம்பு. ஆமிக்குப் புள்ள புடிக்கிற வேலையா? கையெழுத்துப் போடலாமா, வேணாமா?" என்று கேட்டார்.

பக்கத்தில் நின்ற பாட்டி விடவில்லை. "அதெல்லாம் பெரிய எடத்துப் புள்ளைங்களுக்குங்க. நம்ம பய அரைப் படி அரிசி வாங்கிட்டு வரச் சொன்னா பாதி வழியில வெளயாடப் போயிருவான். சின்னப் புள்ளைக்கு என்னா தெரியும்?" என்றார்.

தாயின் கேள்வியும் நியாயமானது. பாட்டியின் பேச்சிலும் பொருள் உண்டு. நடந்துபோன யுத்த காலத்தை மறக்காத எந்தத் தாயும் சீருடையைக் கண்டு யோசிக்கத்தான் செய்வாள். அன்று நின்ற நிலையில் சொன்ன பதில் எங்களுக்கே திருப்தி தரவில்லை. ஆகவே இந்த இதழின் பாடமாக, சாரணர் இயக்கத்தைத் தொடங்கிய பேடன் பவல் பிரபுவின் வாழ்க்கையைக் கொஞ்சம் விரிவாகப் பார்ப்போம். அந்தத் தாய்க்குரிய பதிலும் பாட்டிக்குரிய பதிலும் இதற்குள்ளேயே இருக்கின்றன.

தகப்பன் இல்லாத வீடு

ராபர்ட் பேடன் பவல் 1857 பெப்ரவரி 22-ந் திகதி இலண்டனில் பிறந்தார். தகப்பனார் ஒரு குருவானவர். ஒக்ஸ்போர்ட் பல்கலைக்கழகத்தில் கணிதப் பேராசிரியராகவும் இருந்தவர். பையனுக்கு மூன்று வயதானபோது, 1860-இல், தகப்பனார் காலமானார். அப்போது வீட்டின் கடைசிப் பிள்ளை பிறந்து ஒரு மாதங்கூட ஆகவில்லை. தாய் ஹென்றியேட்டாதான் அத்தனை பிள்ளைகளையும் ஆளாக்கினார்.

அது நம் லயத்து வறுமை அல்ல. படித்த குடும்பம், உதவிக்கு உறவும் உண்டு. ஆனாலும் ஆண் துணையில்லாமல் பல பிள்ளைகளை வளர்க்கிற பாரம் எந்த நாட்டிலும் பாரந்தான். அந்தத் தாய் பிள்ளைகளைக் கட்டிப் போட்டு வளர்க்கவில்லை. அண்ணன்மாரோடு சேர்ந்து அவர்கள் ஆற்றிலும் கடலிலும் படகு விட்டார்கள்; காட்டில் கூடாரம் அடித்துத் தங்கினார்கள். சமையல் முதல் பாத்திரம் கழுவுவது வரை ஆளுக்கொரு வேலை. கடைக்குட்டிப் பையன்களுக்குக் கழுவுகிற வேலை கிடைத்திருக்கும் என்பதை நாம் சொல்ல வேண்டியதில்லை.

சாட்டர்ஹவுஸ் என்ற பாடசாலையில் படித்தபோது, பக்கத்துக் காட்டுக்குள் களவாகப் போய்விடுவார். மிருகங்களின் கால் தடத்தைப் பார்ப்பார். முயல் பிடித்து, வாத்தியார் கண்ணில் படாதபடி புகை எழும்பாமல் நெருப்பு மூட்டிச் சமைப்பார். படிப்பில் அவ்வளவு கெட்டிக்காரர் என்று சொல்ல முடியாது. ஒக்ஸ்போர்டில் சேர முயன்றார், இடம் கிடைக்கவில்லை. பிறகு இராணுவப் பரீட்சை எழுதி, குதிரைப்படைப் பிரிவில் இரண்டாவதாகத் தேறினார். 1876-இல், பத்தொன்பது வயதில், இந்தியாவின் லக்னோ நகரில் இருந்த 13-வது ஹூசார் குதிரைப்படைக்கு அதிகாரியாக வந்து சேர்ந்தார்.

பட்டாளத்தில் கண்ட பாடம்

அந்தக் காலத்துப் பட்டாளம் எப்படி? மேலே இருப்பவன் கட்டளை போடுவான், கீழே இருப்பவன் செய்வான். ஏன், எதற்கு என்று கேட்க முடியாது. நம் தோட்டத்தில் ஒரு காலத்தில் துரை சொல்ல, கணக்கப்பிள்ளை கத்த, கங்காணி விரட்ட, கடைசியில் தொழிலாளி ஓடியது போலத்தான்.

பேடன் பவல் கொஞ்சம் வேறு மாதிரி யோசித்தார். முன்னால் போய் எதிரியின் நிலையை அறிந்து வருகிற வேலைக்குக் கட்டளைக்குக் காத்திருக்கிற ஆள் உதவமாட்டான். தனியாக நிற்கும்போது தானே கண்ணைத் திறந்து பார்த்து, தானே முடிவெடுக்கிறவன் வேண்டும். இப்படி முன்னே சென்று ஒற்றறிந்து வருபவனைத்தான் தமிழில் சாரணன் என்கிறோம். அவர் வீரர்களைச் சின்னச் சின்னக் குழுக்களாகப் பிரித்து, பொறுப்பைக் கையில் கொடுத்துப் பழக்கினார். அந்த அனுபவத்தை வைத்துப் படைவீரர்களுக்கென்று ஒரு சிறு நூலும் எழுதினார். அது 1899-இல் வெளியானது. ஆனால் அந்த நூலை வீரர்களை விடச் சிறுவர்களே ஆசையாகப் படிக்கப் போகிறார்கள் என்பது அப்போது அவருக்குத் தெரியாது.

மெஃபெகிங் முற்றுகை

1899-இல் தென்னாபிரிக்காவில் ஆங்கிலேயருக்கும் போயர் எனப்படும் ஒல்லாந்து வழிவந்த வெள்ளையருக்கும் யுத்தம் மூண்டது. மெஃபெகிங் என்பது ஒரு சின்ன ரயில் பட்டணம். அங்கே படைத் தலைவராக இருந்தவர் கேணல் பேடன் பவல். 1899 ஒக்டோபர் 13-ந் திகதி போயர் படை பட்டணத்தைச் சுற்றி வளைத்தது. வந்த எதிரிகள் உள்ளே இருந்த படையைப் போலப் பல மடங்கு. முற்றுகை 217 நாட்கள் நீடித்தது.

ஆள் போதாது, ஆயுதம் போதாது. அதனால் தந்திரம் செய்தார்கள். மண் நிரப்பிய பெட்டிகளை ஊரைச் சுற்றிப் புதைத்து, கண்ணிவெடி என்று எதிரியை நம்ப வைத்தார்கள். இல்லாத முட்கம்பியைத் தாண்டுவது போல வீரர்கள் காலைத் தூக்கித் தூக்கி நடந்தார்கள். தூரத்தில் இருந்து பார்த்த எதிரி, அங்கே கம்பி வேலி இருக்கிறது என்று நினைத்தான்.

இந்த முற்றுகையில்தான் நம் பாடத்துக்கு வேண்டிய விஷயம் நடந்தது. துப்பாக்கி பிடிக்கத் தெரிந்த ஆண்கள் எல்லாரும் காவல் அரண்களில் நின்றார்கள். கடிதம் கொண்டுபோக, செய்தி சொல்ல, வைத்தியசாலையில் உதவ ஆள் இல்லை. பேடன் பவலின் கீழ் பிரதான அலுவலராக இருந்த எட்வர்ட் செசில் பிரபு, பட்டணத்துப் பையன்களைச் சேர்த்து ஒரு அணியை அமைத்தார். அதன் தலைவனும் ஒரு சிறுவன்தான்; குட்இயர் என்று பெயர். பையன்கள் முதலில் கழுதை மீது போனார்கள். பட்டணத்தில் சாப்பாடு குறைந்து கழுதையும் சமையலுக்குப் போன பிறகு சைக்கிளில் போனார்கள். குண்டு விழுகிற இடத்திலும் வேலையை விட்டு ஓடவில்லை.

பேடன் பவல் இதைக் கவனித்தார். "சின்னப் பயலுக்கு என்னா தெரியும்?" என்று நாம் கேட்கிறோமே, அந்தக் கேள்விக்கு அவர் கண்ணால் கண்ட பதில் இது. பொறுப்பை உண்மையாகக் கொடுத்தால் பிள்ளை அதைச் சுமப்பான். விளையாட்டுக்குக் கொடுத்தால் அவனும் விளையாட்டாகத்தான் எடுப்பான். அதே நேரம், பிள்ளைகளைக் குண்டுக்கு முன்னால் அனுப்பியது சரியா என்றால், சரியில்லை என்றுதான் நாங்கள் சொல்வோம். யுத்தம் பெரியவர்களின் குற்றம். அதில் பிள்ளைக்கு வேலையே இல்லை.

1900 மே 17-ந் திகதி முற்றுகை விலகியது. இங்கிலாந்து முழுவதும் ஆடிப் பாடிக் கொண்டாடியது. 43 வயதில் பேடன் பவல் மேஜர் ஜெனரல் ஆனார்.

மறைக்கக் கூடாத பக்கம்

பெரிய மனிதர்களின் கதையைச் சொல்லும்போது நல்லதை மட்டும் சொல்லி முடிப்பது வழக்கம். நாம் அப்படிச் செய்யலாகாது. நாமும் வெள்ளைக்காரன் ஆட்சியில் கஷ்டப்பட்டவர்களின் பேரப்பிள்ளைகள்.

மெஃபெகிங்கில் கறுப்பின மக்களும் இருந்தார்கள். பரோலாங் மக்கள் ஆங்கிலேயர் பக்கம் நின்று ஊரைக் காத்தார்கள். ஆனால் சாப்பாட்டைப் பங்கு பிரித்தபோது வெள்ளையருக்கு ஒரு அளவு, கறுப்பினத்தாருக்குக் குறைந்த அளவு. குதிரை இறைச்சிக் கஞ்சியைக்கூட அவர்கள் காசு கொடுத்து வாங்க வேண்டியிருந்தது. வேறு இடங்களில் இருந்து வந்து தஞ்சம் புகுந்த ஏழை ஆபிரிக்கர் பலர் பசியால் செத்தார்கள். அளந்து போடுகிற அரிசியின் கணக்கு நம் பாட்டன் பாட்டிக்குத் தெரியாததல்ல. அதனால் இது எப்படி வலித்திருக்கும் என்பது நமக்கு விளங்கும்.

இன்னொன்று. 1896-இல், இன்றைய சிம்பாப்வேயில் மட்டபெலே மக்கள் ஆங்கிலேயரை எதிர்த்து எழும்பியபோது, பிடிபட்ட ஊவினி என்ற தலைவரை இராணுவ விசாரணை வைத்துச் சுடச் செய்தவர் பேடன் பவல். அதைப் பற்றி மேலிடம் விசாரித்து, அவரைக் குற்றமற்றவர் என்றது. ஆனாலும் கேள்வி இன்றும் ஓயவில்லை. இங்கிலாந்தின் பூல் துறைமுகத்தில் இருக்கும் அவருடைய சிலையை அகற்றுவதா, வேண்டாமா என்று 2020-இல் பெரிய வாக்குவாதமே நடந்தது.

இதை ஏன் சொல்கிறோம்? ஒரு மனிதன் தொடங்கிய நல்ல காரியத்தை எடுத்துக்கொள்ள அவனைச் சாமியாக்க வேண்டிய அவசியமில்லை. வெள்ளைக்காரன் நட்ட தேயிலைதானே என்று நாம் செடியை வெட்டிப் போட்டோமா? கவ்வாத்து வெட்டி, வேண்டாத கிளையை நீக்கி, நல்ல கொழுந்தை எடுக்கிறோம். இதுவும் அப்படித்தான்.

இருபது சொச்சம் பையன்கள், ஒரு தீவு

யுத்தம் முடிந்து ஊர் திரும்பிய பேடன் பவலுக்கு ஒரே ஆச்சரியம். படைவீரர்களுக்காக அவர் எழுதிய நூலைப் பையன்கள் வாங்கி விளையாடிக்கொண்டிருந்தார்கள். ஆசிரியைகளைப் பயிற்றும் ஒரு கல்லூரிகூட அதைப் பாடமாக்கியிருந்தது. அப்படியானால் யுத்தத்தை எடுத்துவிட்டு, பிள்ளைகளுக்கென்றே ஒன்றைச் செய்தால் என்ன என்று நினைத்தார்.

1907 ஓகஸ்ட் மாதம் இங்கிலாந்தின் பிரவுன்சி என்ற சின்னத் தீவில் ஒரு முகாம் போட்டார். வந்தவர்கள் இருபது சொச்சம் பையன்கள். அதில் பாதிப்பேர் பணக்காரப் பாடசாலைப் பிள்ளைகள். மற்றப் பாதி பூல், போர்ன்மவுத் பட்டணங்களின் தொழிலாளர் வீட்டுப் பிள்ளைகள். அந்த நாளைய இங்கிலாந்தில் இந்த இரண்டு சாதிப் பையன்களும் ஒரே கூடாரத்தில் படுப்பதென்பது, துரை பங்களாப் பிள்ளையும் தொங்கல் லயத்துப் பிள்ளையும் ஒரே பாயில் படுப்பது மாதிரி. கட்டணமும் ஒரே மாதிரி இல்லை. வசதியான பையனுக்கு ஒரு பவுண். ஏழைப் பையனுக்கு மூன்று ஷில்லிங் ஆறு பென்ஸ். ஒரு பவுணுக்கு 20 ஷில்லிங் என்று கணக்குப் போட்டுப் பாருங்கள். ஏறக்குறைய ஆறில் ஒரு பங்குதான் வருகிறது.

பையன்களை நாலு அணிகளாகப் பிரித்தார். ஓநாய், காளை, காகம், உள்ளான் என்று பெயர். ஒவ்வொரு அணிக்கும் ஒரு பையனே தலைவன். கூடாரம் அடிப்பது, சமைப்பது, இரவில் காவல் நிற்பது, முடிச்சுப் போடுவது, முதலுதவி எல்லாம் அந்தப் பையன்களின் பொறுப்பு. பெரியவர்கள் பக்கத்தில் இருந்தார்கள். ஆனால் கையைப் பிடித்து எழுதவில்லை.

இந்த அணி முறைதான் சாரணியத்தின் உயிர் என்று சொல்லலாம். ஆறு முதல் எட்டுப் பிள்ளைகள், அவர்களில் ஒருவன் தலைவன். அவன் மற்றவர்களை அதட்டுவதற்கல்ல. எல்லாரும் வந்து சேர்ந்தார்களா, ஒருவனுக்குக் காய்ச்சலா, கடைசியில் வருகிறவன் விழுந்துவிட்டானா என்று பார்ப்பதற்குத்தான்.

1908 ஜனவரியில் பிள்ளைகளுக்கான அவருடைய நூல் பகுதி பகுதியாக வெளிவந்தது. யாரும் கட்டளை போடாமலே ஊர் ஊராகப் பையன்கள் தாங்களே அணி சேர்ந்தார்கள். 1910-இல் பேடன் பவல் இராணுவத்தை விட்டு விலகி, மீதி வாழ்க்கையை இதற்கே கொடுத்தார். 1912-இல் ஒலேவ் என்ற பெண்ணை மணந்தார். அந்த அம்மையார் பின்னாளில் பெண் சாரணியர் இயக்கத்தின் உலகத் தலைவியானார்.

கூப்பிடாமல் வந்த பெண் பிள்ளைகள்

1909 செப்டெம்பரில் இலண்டன் கிறிஸ்டல் பலஸ் மைதானத்தில் சாரணர்களின் பெரிய கூட்டம். பத்தாயிரத்துக்கும் மேற்பட்ட பையன்கள் வந்திருந்தார்கள். அந்தக் கூட்டத்துக்குள் சில பெண் பிள்ளைகளும் தொப்பி போட்டுக்கொண்டு வந்து நின்றார்கள். "நாங்களும் சாரணர்தான்" என்பது அவர்களுடைய வாதம். பெண் பிள்ளைக்கு இதெல்லாம் எதற்கு என்று அந்த நாட்டிலும் அப்போது கேட்டார்கள். ஆனால் வந்த பிள்ளைகளைத் திருப்பி அனுப்ப முடியவில்லை. அடுத்த ஆண்டே, 1910-இல், பேடன் பவலின் தங்கை அக்னெஸின் தலைமையில் பெண்களுக்கெனத் தனி இயக்கம் தொடங்கியது. இலங்கையில் அது 1917-இல் கண்டி பெண்கள் உயர்தரப் பாடசாலையில் ஆரம்பமானது.

நம் தோட்டத்தில் பொம்பளைப் புள்ளை பாடசாலை விட்டு வந்ததும் தம்பி தங்கையைப் பார்க்கிறாள், தண்ணீர் எடுக்கிறாள், அம்மா கொழுந்தெடுத்து வரும்முன் சோறு ஆக்குகிறாள். பொறுப்பை அவளுக்கு யாரும் புதிதாகச் சொல்லித்தர வேண்டியதில்லை. அவளுக்குக் கிடைக்காதது மரியாதையும், கூட்டாளிகளோடு வெளியே போய் நாலு விஷயம் படிக்கிற வாய்ப்புந்தான். கடிதம் வந்தால் பையனுக்கு மட்டும் கையெழுத்துப் போடாதீர்கள்.

நம் பக்கத்துக்கு வந்த கதை

இலங்கையின் முதல் சாரணர் குழு 1912-இல் தொடங்கியது. எங்கே தெரியுமா? கொழும்பில் அல்ல, மாத்தளையில். கிறைஸ்ட் சேர்ச் கல்லூரியில் எஃப். ஜி. ஸ்டீவன்ஸ் என்பவர் அதைத் தொடங்கினார். மாத்தளை என்றால் நமக்குச் சும்மா ஒரு ஊர்ப் பெயர் இல்லை. நம் முன்னோர் மன்னாரில் இறங்கி, காட்டு வழியாகத் தம்புள்ளை கடந்து, காலராவுக்கும் காய்ச்சலுக்கும் பலரைப் பறிகொடுத்து மலையேறி வந்த வாசல் அது. அந்த வாசலிலேயே சாரணியமும் இறங்கியது.

ஆனால் அந்த நாளில் நம் பிள்ளைக்கும் அதற்கும் வெகு தூரம். தோட்டத்துப் பிள்ளைக்கு இருந்தது ஒற்றை அறைப் பள்ளிக்கூடமும் ஒற்றை வாத்தியாரும். 1970-களில் இருந்து படிப்படியாக அரசாங்கம் தோட்டப் பாடசாலைகளைப் பொறுப்பேற்ற பின்புதான் நிலைமை மாறத் தொடங்கியது.

இந்தியாவிலும் இதே கதை உண்டு. அங்கே தொடக்கத்தில் சாரணர் குழுக்கள் ஐரோப்பியப் பிள்ளைகளுக்கும் ஆங்கிலோ இந்தியப் பிள்ளைகளுக்குந்தான். இந்தியப் பிள்ளைகளைச் சேர்க்க அதிகாரிகள் தயங்கினார்கள். அப்போது சென்னையில் இருந்த அன்னி பெசண்ட் அம்மையார், "நீங்கள் சேர்க்காவிட்டால் என்ன, நாங்களே நடத்துகிறோம்" என்கிற மாதிரி, இந்தியப் பிள்ளைகளுக்கெனத் தனிச் சாரணர் சங்கம் அமைத்தார். 1921-இல் பேடன் பவல் இந்தியா வந்தபோது அந்தச் சங்கம் பொதுச் சங்கத்தோடு இணைந்தது. கதவு தானாகத் திறக்கவில்லை, தட்டினார்கள், திறந்தது. "அதெல்லாம் பெரிய எடத்துப் புள்ளைங்களுக்கு" என்று சொன்ன பாட்டிக்கு இந்தக் கதையைத்தான் சொல்ல வேண்டும்.

அப்படியானால் இது ஆமியா?

இனித் தாயின் கேள்விக்கு வருவோம். தொடங்கியவர் இராணுவ அதிகாரி. சீருடை, அணி, தலைவன் என்பதெல்லாம் பட்டாளத்தில் இருந்து வந்தவைதான். அதை மறுக்க முடியாது. முதலாம் உலக யுத்தத்தின்போது இங்கிலாந்துச் சாரணர்கள் கடற்கரைக் காவலுக்கும் செய்தி கொண்டுபோகவும் உதவியதும் உண்மை.

ஆனால் பேடன் பவல் வரிசையில் நிறுத்திக் காலை உதைத்து நடக்க வைக்கிற பயிற்சியை அதிகமாக்க வேண்டாம் என்றே சொல்லி வந்தார். அது பிள்ளையின் சொந்த யோசனையைக் கெடுத்துவிடும் என்பது அவர் எண்ணம். 1920-இல் இலண்டன் ஒலிம்பியா மண்டபத்தில் முதலாவது உலக ஜம்போரி நடந்தது. யுத்தம் முடிந்து இரண்டே ஆண்டு. 34 நாடுகளில் இருந்து பிள்ளைகள் வந்தார்கள். அங்கேதான் அவரை உலகத்தின் பிரதம சாரணராக ஏற்றுக்கொண்டார்கள். வெவ்வேறு நாட்டுப் பிள்ளைகள் கைகோத்து நின்றால், அடுத்த யுத்தத்துக்கு ஆள் குறையும் என்பது அவருடைய நம்பிக்கை. 1939-இல் மறுபடியும் உலக யுத்தம் வந்துவிட்டது. அந்த நம்பிக்கை பலிக்கவில்லை. ஆனால் ஒன்றைக் கவனியுங்கள். பிள்ளைகளை உண்மையாகவே யுத்தத்துக்குத் தயாராக்கிய ஹிட்லரும் முசோலினியும் தங்கள் நாடுகளில் சாரணர் இயக்கத்தைத் தடை செய்தார்கள். அது ஆமிக்குப் பிள்ளை பிடிக்கிற இயக்கமாக இருந்திருந்தால், அவர்கள் ஏன் தடை செய்யப் போகிறார்கள்?

ஆகவே, அம்மா, இது ஆமி அல்ல. பயமில்லாமல் கையெழுத்துப் போடலாம். அதே நேரம், யார் நடத்துகிறார்கள், முகாமுக்கு எங்கே கூட்டிப் போகிறார்கள், இரவில் யார் பொறுப்பு என்று கேட்க உங்களுக்கு உரிமை உண்டு. நம்பிக்கை வேறு, கண்ணை மூடிக்கொள்வது வேறு.

கடைசி அடையாளம்

பேடன் பவல் கடைசிக் காலத்தைக் கென்யாவின் நியேரி என்ற ஊரில் கழித்தார். 1941 ஜனவரி 8-ந் திகதி, 83-வது வயதில், அங்கேயே காலமானார். அவருடைய கல்லறைக் கல்லில் ஒரு வட்டமும் நடுவில் ஒரு புள்ளியும் செதுக்கியிருக்கிறார்கள். காட்டில் வழி நடக்கும் சாரணர், பின்னால் வருகிறவர்களுக்காக மண்ணில் போட்டுவிட்டுப் போகும் குறி அது. "நான் வீட்டுக்குப் போய்விட்டேன்" என்பது அதன் பொருள். சாரணர்களுக்கு அவர் விட்டுப்போன கடைசிக் கடிதத்தின் சாரம் இதுதான்: நீ வந்தபோது உலகம் இருந்ததை விட, போகும்போது கொஞ்சமாவது நல்லதாக விட்டுப் போகப் பார்.

இன்று 170-க்கும் மேற்பட்ட நாடுகளில் ஐந்து கோடிக்கும் அதிகமானோர் இந்த இயக்கத்தில் இருக்கிறார்கள்.

லயத்தில் செய்து பார்க்க

சாரணரின் மந்திரம் "தயாராயிரு" என்பது. மலைநாட்டில் வாழ்கிற நமக்கு இதைவிடத் தேவையான சொல் வேறு இல்லை. 2014 ஒக்டோபர் 29-ந் திகதி கொஸ்லந்தை மீரியபெத்தையில் மலை சரிந்து லயங்களை மூடியதை நாம் மறக்கவில்லை. அந்த இடம் ஆபத்தானது என்று முன்பே எச்சரித்திருந்தார்கள். எச்சரிக்கை வந்தது, ஆயத்தம் வரவில்லை. நல்ல வீடும் பத்திரமான காணியும் கொடுக்க வேண்டியது பெரியவர்களின், நிர்வாகத்தின், அரசாங்கத்தின் கடமை. அதைப் பிள்ளைகள் தலையில் போட முடியாது. ஆனால் ஆபத்து நேரத்தில் என்ன செய்வது என்று ஒவ்வொரு பிள்ளையும் படித்து வைத்திருக்கலாம்.

பாடசாலையில் குழு இல்லாவிட்டாலும் பரவாயில்லை. ஒரு லயத்தில் ஆறு பிள்ளைகளைச் சேருங்கள். பையனும் இருக்கட்டும், பொம்பளைப் பிள்ளையும் இருக்கட்டும். தலைவரை அவர்களே தெரிந்தெடுக்கட்டும். பிறகு இவற்றைப் பழக்குங்கள்.

1. நிலத்திலோ சுவரிலோ புது வெடிப்பு, சாய்கிற மரம், திடீரென்று கலங்கி வரும் ஊற்றுத் தண்ணீர், இறுகிப்போன கதவு - இவை மண்சரிவின் அறிகுறிகள். மழைக் காலத்தில் லயத்தைச் சுற்றிப் பார்த்துப் பெரியவர்களிடம் சொல்வது அணியின் வேலை. சரிவுப் பக்கம் அவர்கள் தனியாகப் போகக் கூடாது.

2. அவசர அம்புலன்ஸ் 1990. அனர்த்த முகாமைத்துவ நிலையம் 117. இரண்டு இலக்கத்தையும் பிள்ளைகள் மனப்பாடம் செய்யட்டும். தோட்டத்தின் பெயர், டிவிசன், லயத்தின் இலக்கம், எந்தப் பாதையால் வர வேண்டும் என்பதைத் தெளிவாகச் சொல்லிப் பழகட்டும். அம்புலன்ஸ் வழி தெரியாமல் சுற்றினால் போகிற உயிரைத் திருப்ப முடியாது.

3. சாரணர் கழுத்தில் கட்டும் துணி அலங்காரத்துக்கு அல்ல. முக்கோணமாக மடித்தால் முறிந்த கையைத் தாங்கும் தூளி. அம்மாவின் தலைத் துணியிலும் இதைச் செய்யலாம். டிஸ்பென்சரியில் கேட்டுப் படித்துக்கொள்ளுங்கள்.

4. மலையில் குளவி கலைந்தால் யார் பிள்ளை மடுவத்துக்குச் சொல்வது, யார் டிஸ்பென்சரிக்கு ஓடுவது, படுக்கையில் இருக்கும் தாத்தாவின் கதவை யார் சாத்துவது என்று முன்கூட்டியே பிரித்து வையுங்கள்.

5. ஒவ்வொரு நாளும் யாருக்காவது ஒரு சின்ன உதவி. காசு வாங்காமல், பேர் வாங்காமல்.

சீருடைக்குக் காசில்லை என்று எந்தப் பிள்ளையையும் நிறுத்தி விடாதீர்கள். பிரவுன்சித் தீவில் ஏழைப் பையன் ஆறில் ஒரு பங்கு கட்டியதை நினைவில் வையுங்கள். கோயில் கமிட்டி, பழைய மாணவர், தோட்டத் தலைவர்மார் சேர்ந்தால் ஆறு சட்டைக்கு வழி பிறக்காதா?

நாட்டுக்குக் கடமை செய்வேன் என்பது சாரணர் வாக்குறுதியில் ஒரு பகுதி. 1948-இல் நம் தாத்தாமாரிடம் இருந்து பிரஜாவுரிமையைப் பறித்தார்கள். 2003-இல் வந்த சட்டத்தோடுதான் அந்தக் கணக்கு ஒரு மாதிரி முடிந்தது. இன்று நம் பிள்ளை அந்த வாக்குறுதியைச் சொல்லும்போது, பிரஜையாக நிமிர்ந்து நின்று சொல்கிறான். அந்த வரிசையில் அவனும் நிற்கட்டும்.

யோசித்துப் பாருங்கள்

சின்ன வயதில் உங்களை நம்பி ஒருவர் கொடுத்த பொறுப்பு எது? அதை எப்படிச் செய்து முடித்தீர்கள்?

இன்று உங்கள் பிள்ளையை நம்பி, பாதியில் பிடுங்கிக்கொள்ளாமல், எந்த வேலையைக் கொடுக்கலாம்?

உங்கள் லயத்தில் மழைக்கு முன் பார்க்க வேண்டிய இடங்கள் எவை?

இராத்திரிச் சாப்பாட்டுக்குப் பிறகு இவற்றைப் பிள்ளைகளோடு பேசுங்கள். முக்கியமாக, அவர்களைப் பேச விடுங்கள்.

கடிதத்தை நீட்டிய அந்தத் தாயை அடுத்த முறை போகும்போது தேடுவோம். இந்த இதழையும் கொண்டுபோவோம். கையெழுத்துப் போடுவது அவருடைய முடிவு. ஆனால் பாட்டியிடம் ஒன்று சொல்லலாம் என்று இருக்கிறோம். "அரிசிக்கு அனுப்புன பயல் வெளயாடப் போயிட்டான்னு கோவிக்காதீங்க பாட்டி. இன்னும் ரெண்டு தடவ அனுப்பிப் பாருங்க. மூணாவது தடவ மிச்சக் காசோட வந்து நிப்பான்."